பதினைந்தரைக் காலர்

அடைப்பு எடுக்க முடியாமல் தாம் திரும்பி வந்த வீடு ஒன்றுகூடக் கிடையாது என்பதைக் குழாய்க்காரர் எவரிடமும் சொல்லிக்கொள்ளத் தயங்கமாட்டார். அப்பேர்ப்பட்டவருடைய சொந்த வீட்டிலேயே ஓர் அடைப்பு ஐந்து நாள் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தது. அவரும் அதைத் தேடத்தான் செய்தார். ஆனால், இடம்தான் தவறிவிட்டது.

திங்கட்கிழமை காலை. அவருடைய மனைவி வீட்டின் முன்னறையில் தையல் இயந்திரத்தின் முன் அமர்ந்திருந்தாள். அந்த முன்னறைதான் அவளுடைய தையற்கடை. வலக்கையால் நெற்றியைத் தாங்கியபடி, உள்ளே பார்த்து ஒரே ஒரு வாக்கியம் சொன்னாள்.

"என்னங்க, குழாய் அடைச்சுக்கிச்சு போல இருக்கு."

"இதை யார்கிட்ட வந்து சொல்றே நீ? பத்து நிமிஷம்," என்றார் குழாய்க்காரர்.

சமையலறைத் தொட்டியின் அடியில் வாளியை வைத்தார். வளைகுழாயைக் கழற்றினார். உள்ளேயிருந்து இரண்டு சட்டைப் பொத்தான்களும் ஒரு கொண்டை ஊசியும் விழுந்தன. தண்ணீர் என்னவோ முன்பும் தடையில்லாமல்தான் போய்க்கொண்டிருந்தது. ஆயினும், கையில் தடயம் கிடைத்துவிட்ட பிறகு அதையெல்லாம் யார் யோசிப்பார்கள்? பொத்தான்களை உள்ளங்கையில் ஏந்திக்கொண்டு முன்னறைக்கு வந்தார்.

"இந்தா, உன் சரக்குதான். சட்டைக்குத் தைக்க வேண்டியதைத் தொட்டிக்குத் தைச்சிருக்கே."

அவள் அந்தப் பொத்தான்களை வெகுதொலைவில் இருப்பவற்றைப் பார்ப்பதுபோல் பார்த்தாள். "எடுத்துட்டீங்களா? அப்ப சரியாப் போயிடும்," என்றாள். பிறகு இயந்திரத்தின் மேல் துணியைப் போட்டு மூடிவிட்டுப் போய்ப் படுத்துக்கொண்டாள்.

சரியாகவில்லை. செவ்வாய்க்கிழமை விடியும்போதே தலைவலியோடு எழுந்து வாந்தி எடுத்தாள். புதன்கிழமை சுவரைத் தொட்டுத் தொட்டு நடந்தாள். வியாழக்கிழமை ஒரு வாடிக்கையாளர் தம் சட்டையை விரித்துப் பார்த்து, "ஏம்மா, பாக்கெட்டை முதுகுல வெச்சிருக்கீங்களே, இனிமே பேனாவைப் பின்னாடி குத்திக்கிட்டு ஆபீசுக்குப் போகவா?" என்று கேட்டார். அவர் சிரித்தார், குழாய்க்காரரும் சிரித்தார். அவள் மட்டும் சட்டையை முன்னும் பின்னும் புரட்டி, இதில் என்ன தவறு என்று விளங்காமல் விழித்தாள். வெள்ளிக்கிழமை காலை கத்திரிக்கோலைக் காட்டி, "அந்தக் குடையை எடுங்க," என்றாள். அதன் பிறகு எழுப்பினால் கண் திறப்பதும், விட்டால் உறங்குவதுமாக இருந்தாள்.

அடுத்த தெருவில் குடியிருந்த மகள் ஓடிவந்தாள். தாயை அள்ளிப்போட்டுக்கொண்டு இருவரும் மருத்துவமனைக்கு விரைந்தார்கள்.

இங்கே ஒரு பழைய செய்தியைச் சொல்லியாக வேண்டும். பதினான்கு ஆண்டுகளுக்கு முன் அவளுக்கு மூளைக்காய்ச்சல் வந்து தணிந்தது. தணிந்தபோது, மூளையின் உள்ளறைகளில் சுரக்கும் நீர் வடிவதற்கு வழியில்லாமல் தேங்கத் தொடங்கியது. அறுவை மருத்துவர்கள் அந்த நீரறையிலிருந்து ஒரு மெல்லிய குழாயை இறக்கினார்கள். காதுக்குப் பின்னால் ஒரு சிறு வால்வு; அங்கிருந்து தோலுக்கடியில் கழுத்து, மார்பு வழியாக வயிறு வரை ஓட்டம். மிகுதியான நீர் வயிற்றுக்குள் வடிந்து உடம்போடு சேர்ந்துவிடும். ஷன்ட் என்று மருத்துவர்கள் சொன்னதை வீட்டில் எல்லாரும் "குழாய்" என்றே சொன்னார்கள். "எனக்கு முன்னாடி வேற எவனோ என் வீட்டுக்காரிக்கு லைன் இழுத்துட்டான்" என்று குழாய்க்காரர் ஊரெல்லாம் சொல்லிச் சிரித்த காலமும் உண்டு. பதினான்கு ஆண்டுகள் அது ஒரு தொல்லையும் கொடுக்கவில்லை. தொல்லை கொடுக்காத பொருளை யார் நினைவில் வைத்துக்கொள்கிறார்கள்? நாளடைவில் அந்த வீட்டில் குழாய் என்றால் மீண்டும் வெறும் குழாய் என்றாகிவிட்டது.

மருத்துவமனையின் அவசரப் பிரிவில் ஓர் இளம் பெண் மருத்துவர் பொறுமையாக விசாரித்தார். தலையை ஸ்கேன் எடுத்தார்கள். கழுத்து, மார்பு, வயிறு என்று குழாய் ஓடும் வழி நெடுகிலும் எக்ஸ்ரே எடுத்தார்கள். ஒரு மணி நேரம் கழித்து வந்த மருத்துவர் குழப்பத்தோடு நின்றார்.

"ஐயா, குழாய் எங்கயும் அறுந்து போகலை, கழண்டும் போகலை. ஸ்கேன்லயும் நீரறை எல்லாம் சாதாரண அளவுலதான் இருக்கு. கண்ணுக்குள்ள பார்த்தேன், நரம்பு வீங்கலை."

"அப்ப அடைப்பு இல்லைங்களா?"

"இருக்கற மாதிரி தெரியலை. ஆனா அவங்களைப் பார்த்தா இல்லைன்னு சொல்லவும் மனசு வரலை."

குழாய்க்காரருக்குத் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. அவர் தொழிலில் அடைப்பு என்றால் அடைப்பு, இல்லை என்றால் இல்லை; நடுவில் நிற்பதற்கு இடமே கிடையாது.

"நானும் இன்னிக்குக் காலையிலதான் நினைப்பு வந்து, காதுக்குப் பின்னாடி அமுக்கிப் பார்த்தேங்க. அமுங்குது, உடனே எழும்புது. அடைச்சிருந்தா எழும்பாதே?"

"அதை நம்ப முடியாதுங்க. அடைச்ச வால்வும் சில நேரம் நல்லா எழும்பும், நல்ல வால்வும் சில நேரம் சண்டித்தனம் பண்ணும். இனிமே நீங்களா அமுக்கிப் பார்க்காதீங்க," என்ற மருத்துவர், குறிப்பேட்டைப் புரட்டினார். "முதன்முதல்ல என்ன சொன்னாங்க? தலை வலிக்குதுன்னாங்களா, கண்ணு மங்குதுன்னாங்களா?"

"ஒண்ணும் சொல்லலைங்க. திங்கக்கிழமை சமையல்கட்டுக் குழாய் அடைச்சிருக்குன்னா. நான் பிரிச்சு ரெண்டு பட்டன் எடுத்துக் குடுத்தேன். அதுக்கப்புறம்..."

அவர் பாதியில் நின்றுவிட்டார். அவள் சமையற்கட்டு என்று சொல்லவே இல்லை. நெற்றியைப் பிடித்துக்கொண்டு குழாய் என்று மட்டும்தான் சொன்னாள். சமையற்கட்டு என்பது இவராகச் சேர்த்துக்கொண்டது. எடுத்துவிட்டேன் என்று இவர் வந்து காட்டியதும், ஏற்கெனவே மங்கத் தொடங்கியிருந்த அவளுடைய அறிவு அதையும் நம்பிப் படுத்துக்கொண்டது.

"அப்பா, என்னாச்சு?" என்றாள் மகள்.

"உங்கம்மா திங்கக்கிழமையே சொல்லிட்டா. நான்தான் வேற குழாயைக் கழட்டியிருக்கேன்."

மகளுக்கு வாய் கொஞ்சம் நீளம். வேறு நாளாக இருந்திருந்தால் ஒரு பாட்டம் வாங்கிக் கட்டிக்கொண்டிருப்பார். அன்று அவள் தந்தையின் முகத்தைப் பார்த்துவிட்டு, அவர் கையைப் பிடித்துப் பெஞ்சில் உட்கார வைத்தாள்.

பதினோரு மணிக்குத் தலைமை அறுவை மருத்துவர் வந்தார். நரைத்த மீசை, அவசரமில்லாத பேச்சு. படங்களையும் நோயாளியையும் மாறி மாறிப் பார்த்தார்.

"அடைச்சிருந்தா, உடனே திறந்து மாத்தியாகணும். விட்டா கண்ணு போயிடலாம், உயிருக்கே ஆபத்தாகலாம். அடைக்காத தலையைத் திறந்தாலும் தப்பு. வால்வுல ஊசி குத்தி நீர் வருதான்னு பார்க்கலாம். ஆனா ஓடற குழாயில கிருமியைக் கொண்டுபோய் விட்ட மாதிரி ஆயிடக் கூடாது. இவங்க நல்லா இருந்தப்ப எடுத்த ஸ்கேன் ஏதாவது வெச்சிருக்கீங்களா?"

"நல்லா இருந்தப்ப எடுத்தது எதுக்குங்க?" என்று கேட்டார் குழாய்க்காரர்.

மருத்துவர் சொன்ன விளக்கத்தைக் கதையாகச் சொன்னால் இப்படி இருக்கும்: ஒரு குளத்துக்குப் புதிதாக வந்த கொக்கு ஒன்று, கரைக்குள் அடங்கி நின்ற நீரைப் பார்த்து, "எல்லாம் அளவோடு இருக்கிறது, பயமில்லை," என்றதாம். சேற்றிலிருந்து தலையை நீட்டிய ஆமை, "நான் இங்கே பிறந்தவன். இந்தக் குளத்தில் என் முதுகு நனையும் அளவுக்குத்தான் எந்நாளும் தண்ணீர் நிற்கும். இன்று உன் முழங்கால் வரை நிற்கிறது. எங்கோ மதகு மூடிக்கொண்டது," என்றதாம். கொக்கு சொன்னதும் பொய்யில்லை. ஆமை சொன்னதும் பொய்யில்லை. அவளுடைய தலைக்கு அந்த ஆமை யார் என்பதைத்தான் மருத்துவர் கேட்டார். ஷன்ட் வைத்த சிலருக்கு நலமாக இருக்கும் காலத்தில் நீரறை வெறும் கீற்றாகச் சுருங்கியிருக்கும். அப்படிப்பட்டவருக்கு, மற்றவர்களுடைய சாதாரண அளவே வீக்கம்தான்.

"ரெண்டு மணி வரைக்கும் பார்க்கிறேன். அதுக்குள்ள மோசமானா, படம் இருந்தாலும் இல்லாட்டியும் நான் காத்திருக்க மாட்டேன்," என்றார் மருத்துவர்.

பழைய மருத்துவமனைக்கு மகள் தொலைபேசியில் பேசினாள். பத்து ஆண்டுகளுக்கு மேற்பட்ட படங்களைத் தாங்கள் வைத்திருப்பதில்லை என்றும், அந்தப் படம் அன்றே நோயாளியின் கையில் கொடுக்கப்பட்டுவிட்டது என்றும் பதில் வந்தது. இருவரும் கட்டிலருகே போனார்கள்.

"அம்மா, இங்க பாரு. குழாய் வெச்சப்புறம் எடுத்த ஸ்கேன் படம் எங்க வெச்சிருக்கே?"

அவள் கண்களைப் பாதி திறந்தாள். உதடுகள் சற்று நேரம் சொல்லைத் தேடின.

"காலர்ல இருக்கு."

"எதுலம்மா?"

"காலர்ல. பதினஞ்சரை."

இளம் மருத்துவர் ஏதோ குறித்துக்கொண்டார். மகள் பெருமூச்சு விட்டாள். "தையலையே பினாத்திக்கிட்டு இருக்குப்பா. சித்த முன்னாடி நர்சைப் பார்த்து, உங்களுக்குப் பட்டன் முன்னாடியா பின்னாடியான்னு கேட்டுச்சு. அலமாரியில இருக்கும். நீங்க போய் அங்க தேடுங்க."

குழாய்க்காரர் மனைவியின் முகத்தைப் பார்த்தபடி நின்றார். கத்திரிக்கோலைக் குடை என்றவள் இவள்; பாக்கெட்டை முதுகில் தைத்தவளும் இவள்தான். ஆனால், குழாய் அடைத்துக்கொண்டது என்று சரியாகச் சொன்னவளும் இவளேதான். இதில் எது தெளிவு, எது பிதற்றல் என்று பிரிக்க அவருக்குத் தெரியவில்லை. தெரிந்தது ஒன்றுதான்: திங்கட்கிழமை அவள் சொல்லாத ஒரு சொல்லைத் தாமே சேர்த்துக்கொண்டு கெட்டார். இன்று சேர்ப்பதும் இல்லை, குறைப்பதும் இல்லை.

"காலர்லதானே? பார்க்கிறேன்," என்றார் அவளிடம்.

வீட்டுக்கு வந்து முன்னறையைத் திறந்தபோது மணி பன்னிரண்டு. கம்பியில் தைத்து முடித்த சட்டைகள் பதினொன்று தொங்கின. குழாய்க்காரர் ஒவ்வொரு சட்டையின் காலரையும் பிடித்து விரல்களால் நசுக்கிப் பார்த்தார். உள்ளே விறைப்புத் துணிதான் இருந்தது. எதிர்வீட்டுக்காரர் சன்னல் வழியாக இதைப் பார்த்துவிட்டு, "என்ன, சட்டைக்கும் அடைப்பா?" என்று கேட்டார். குழாய்க்காரருக்குப் பதில் சொல்ல நேரமில்லை. பதினோராவது காலரை விட்டபோது, தாம் செய்வது பைத்தியக்காரத்தனமோ என்ற ஐயம் அவரைப் பிடித்துக்கொண்டது. பாதி மனத்தோடு அலமாரியைத் திறந்தார்.

மகள் சொன்னது பலித்தது; மருத்துவமனையின் பெரிய பழுப்பு உறை துணிகளுக்கு அடியில் இருந்தது. உள்ளேயிருந்ததை உருவினார். கறுத்த பிலிம் தாள் ஒன்று வந்தது. ஆனால், அது தாளாக இல்லை. நடுவில் பெரிய பெரிய ஓட்டைகள். ஓரத்துச் சட்டம் மட்டும் மிச்சமிருந்தது. எலி கடித்ததோ என்று பார்த்தால், எந்த எலியும் இத்தனை நேர்த்தியான வளைவில் கடிக்காது. அவர் அந்தச் சட்டத்தைச் சன்னலை நோக்கித் தூக்கிப் பிடித்தார். ஓர் ஓட்டையின் வடிவத்தில் எதிர்வீட்டுச் சுவர் தெரிந்தது. ஒரு பக்கம் நேர், ஒரு பக்கம் வளைவு, முனையில் கூர்.

அந்த ஓட்டை ஒரு காலர்.

தையற்காரர்களுக்குத் துணி வெட்டப் பழைய எக்ஸ்ரே பிலிமைவிட நல்ல அச்சு கிடையாது. காகிதம் கிழியும், அட்டை மடியும். பிலிம் மட்டும் நூறு சட்டை வெட்டினாலும் ஓரம் தேயாது. அவளும் எல்லாரிடமும் பழைய பிலிம் கேட்டு வாங்குவாள். பத்திரமாக வைத்திருங்கள் என்று மருத்துவமனை கொடுத்த படத்தை அவள் தன் முறைப்படி பத்திரப்படுத்தியிருந்தாள், அவ்வளவுதான்.

இயந்திரத்துக்கு அடியிலிருந்த தகரப் பெட்டியைத் தரையில் கவிழ்த்தார். ஐம்பது அறுபது அச்சுகள் சரிந்து விழுந்தன. ஒவ்வொன்றாகச் சன்னல் கண்ணாடியில் வைத்துப் பார்த்தார். சட்டைக் கைப்பட்டி அச்சு ஒன்றில் யாருடைய முழங்காலோ இருந்தது. இன்னொன்றில் ஒருவருடைய விலா எலும்புகள். ஒரு குழந்தைச் சட்டையின் தோள்பகுதியில் ஐந்து விரல்கள் விரிந்திருந்தன. பாதி ஊரின் எலும்பு அவர் வீட்டுப் பெட்டியில் கிடந்தது. மனைவியின் தலையைத்தான் காணவில்லை. ஒரு கட்டத்தில் எது முழங்கால், எது தலை என்பதே அவருக்குக் குழம்பிவிட்டது. பிறகுதான், கண்ணால் தேடுவதை விட்டுவிட்டு எழுத்தைத் தேடினார். வெள்ளை மையில், அவளுடைய கையெழுத்தில் கழுத்தளவுகள்: 14, 16, 15. கடைசியில் ஒரு காலர் அச்சின் நுனியில், 15½.

அதை வெளிச்சத்தில் பிடித்தார். உருண்டையான மண்டையோடுகள் இரண்டு முழுதாகவும் ஒன்று பாதியாகவும் வரிசையாகத் தெரிந்தன. ஆணியில் மாட்டுவதற்காக அவள் போட்டிருந்த துளை ஒரு நெற்றியின் மேல் விழுந்திருந்தது. ஓரத்தில் பொடி எழுத்தில் தேதியும், அவளுடைய பெயரின் பின்பாதியும் இருந்தன. முன்பாதி உறையிலிருந்த சட்டத்தோடு போய்விட்டது. சட்டத்தை எடுத்து ஓட்டையில் காலரைப் பொருத்தினார், பெயர் ஒட்டிக்கொண்டது. இரண்டையும் உறையில் போட்டுக்கொண்டு வண்டியை முடுக்கினார்.

மருத்துவமனையில் தலைமை மருத்துவர் அந்தக் காலரை வாங்கி இருபுறமும் திருப்பிப் பார்த்தார்.

"இது என்னங்க?"

"காலருங்க. பதினஞ்சரை," என்றார் குழாய்க்காரர். சொன்ன பிறகுதான், தம் பேச்சும் மனைவியின் பேச்சுபோல ஆகிவிட்டது என்று உறைத்தது. "அவளோட ஸ்கேனுங்க. வெட்டி வெச்சிருக்கா. பேரு இந்தச் சட்டத்துல பாதி இருக்கு."

மருத்துவர் சிரிக்கவில்லை. காலரை விளக்குப் பலகையில் செருகினார். பக்கத்துத் திரையில் அன்று காலை எடுத்த படம் இருந்தது. இளம் மருத்துவர் குனிந்து பார்த்தார். குழாய்க்காரரும் பார்த்தார், அவருக்கு எல்லாம் சாம்பல் நிறமாகத்தான் தெரிந்தது.

"இந்தக் கீறல் மாதிரி இருக்கு பாருங்க, பென்சிலால இழுத்த கோடு மாதிரி? இதுதான் அன்னிக்கு நீரறை. இன்னிக்கு இங்க பாருங்க," என்று தலைமை மருத்துவர் திரையில் விரல் வைத்தார். அங்கே கோடு இல்லை. ஒரு விரல் அகலத்துக்குக் கருமை இருந்தது. "அடுத்தவங்களுக்கு இது சாதாரணம். இவங்களுக்கு இது வெள்ளம்."

அதன் பிறகு யாரும் மெதுவாக நடக்கவில்லை. காதுக்குப் பின்னால் தோலைச் சுத்தம் செய்து வால்வின் மேல் மெல்லிய ஊசியைச் செருகினார்கள். நல்ல குழாயாக இருந்தால் நீர் தானாக ஏறி வர வேண்டும். ஒரு சொட்டோடு நின்றது. மேல் முனை, அதாவது மூளைக்குள் இருக்கும் முனை, அடைத்திருக்கிறது என்றார்கள். ஒப்புதல் தாளில் குழாய்க்காரர் கையெழுத்துப் போட்டார். இரண்டு மணிக்குச் சில நிமிடங்கள் இருக்கும்போதே அவளைத் தள்ளிக்கொண்டு போனார்கள்.

பெஞ்சில் தந்தையும் மகளும் அமர்ந்திருந்தார்கள்.

"அம்மா பினாத்துதுன்னு சொன்னேனேப்பா," என்றாள் மகள்.

"நான் பட்டன் எடுத்துக் குடுத்தேன். ரெண்டுக்கும் சரியாப் போச்சு, விடு."

நான்கு மணிக்குத் தலைமை மருத்துவர் தொப்பியைக் கழற்றியபடி வந்தார். பழைய முனையை எடுத்துவிட்டுப் புதியது வைத்தாயிற்று என்றார். வைத்த கணமே நீர் நன்றாக ஓடிற்று என்றும் சொன்னார்.

"உள்ள என்னங்க இருந்துச்சு?" என்று குழாய்க்காரர் கேட்டார். தொழில் புத்தி அவரை விடவில்லை.

"நீர் சுரக்கிற திசு உள்ள இருக்கும். அது மெல்ல மெல்லக் குழாயோட துளைக்குள்ள புகுந்து வளர்ந்துடுச்சு."

"வேரு," என்றார் குழாய்க்காரர்.

"அப்படியும் சொல்லலாம்."

"தண்ணி இருக்கிற இடத்துக்கு வேரு எப்படியும் வந்து சேர்ந்துடுங்க. மண்ணுக்கடியில எத்தனை லைன்ல வெட்டி எடுத்திருக்கேன்." காலையிலிருந்து அப்போதுதான் முதன்முதலாக, தமக்குப் புரிகிற ஒரு செய்தியை யாரோ தம்மிடம் சொன்னதாக அவருக்குத் தோன்றியது. தோன்றியதும் கண்ணில் நீர் வந்துவிட்டது. அதை மறைக்க அவர் சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

மறுநாள் காலை அவள் தலையில் கட்டோடு சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். தலைவலி இல்லை என்றாள். மகள் கத்திரிக்கோல் ஒன்றைக் காட்டி, "இது என்ன சொல்லு," என்று சோதித்தாள்.

"உன் வாயி," என்றாள் தாய்.

மகள் சிரித்துச் சிரித்துக் கட்டிலைப் பிடித்துக்கொண்டாள். குழாய்க்காரர் மனைவியின் கால்பக்கம் உட்கார்ந்தார். அவள் அவர் பக்கம் திரும்பினாள்.

"என்னங்க, என் காலர் எங்க?"

"பெரிய டாக்டர் வாங்கி வெச்சிருக்கார். உன் பைல்ல போடணுமாம்."

"அதெல்லாம் குடுக்க முடியாது. திங்கக்கிழமை டெலிவரிக்கு மூணு சட்டை வெட்டணும். அந்த அளவுக்கு வேற அச்சு என்கிட்ட கிடையாது."

இந்த வழக்கு இளம் மருத்துவரிடம் போனது. அவர் காலரை விளக்குப் பலகையில் வைத்துப் படம் எடுத்துக் கோப்பில் சேர்த்துக்கொண்டு, அசலைத் திருப்பிக் கொடுத்தார். கூடவே ஒரு காகித உறையையும் நீட்டினார்.

"அம்மா, நேத்து ஆபரேஷனுக்கு அப்புறம் எடுத்த ஸ்கேன் இதுல இருக்கு. இனிமே எப்ப தலைவலி வந்தாலும் இதைத்தான் கேட்போம். பத்திரம். இப்பல்லாம் பிலிம் குடுக்கிறதில்லை, சிடியில போட்டுக் குடுத்துடுவோம். இதை நீங்க வெட்ட முடியாது."

அவள் உறையிலிருந்து வட்டை வெளியே எடுத்தாள். விளிம்பில் விரலை ஓட்டினாள். நடுத் துளையின் வழியாகச் சன்னலைப் பார்த்தாள். கையால் சாண் வைத்து அளந்தாள். குழாய்க்காரர் ஐந்து நாளாகக் காணாத ஒரு வெளிச்சம் அவள் முகத்தில் ஏறியது.

"இதை எதுக்கு வெட்டணும்?" என்றாள். "சின்னப் புள்ளைங்க கவுனுக்கு வட்டக் கழுத்து போட, அளவு கச்சிதமா இருக்கே."

குழாய்க்காரர் எழுந்து, அவள் கையிலிருந்து அதை மெல்ல வாங்கித் தம் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டார். பை கொள்ளவில்லை, பாதி வெளியே நீட்டிக்கொண்டிருந்தது.